எடுக்காத காகிதம்

ஒரகடத்தில் கம்பெனி பஸ் சத்தம் இல்லாத காலை ஒன்றை அன்றைக்குத்தான் பார்த்தேன். தேர்தலுக்காக லீவு விட்டிருந்தார்கள். ஷிப்டுக்கு ஓடுகிற பிள்ளைகள் வாசலில் நின்று நிதானமாகப் பல் தேய்த்துக்கொண்டிருந்தார்கள். என் மகள் ரோஸ்லின் விடிந்ததும் போய் ஓட்டுப் போட்டுவிட்டு வந்து சோறு வடித்தாள். மாடி அறையில் வாடகைக்கு இருக்கும் செல்வி தண்ணீர் பிடிக்க வந்தாள். தூத்துக்குடிப் பக்கத்துப் பெண், கம்பெனி வேலைக்கு வந்தவள்.

"என்ன ஆச்சி, ஒங்க வெரல்ல மையக் காணும்? யாருக்குப் போடணும்னு இன்னும் யோசிச்சு முடியலயோ?"

"எனக்கு இங்க ஓட்டு இல்லம்மா. நான் வேற நாட்டுக்காரி."

"யாரு, நீங்களா? இந்தச் சுங்குடிச் சேலையோடயா?" என்று சிரித்தாள். "எம் பேர இந்தத் தடவ இங்க மாத்திட்டேன். போயிட்டு வாரேன்."

சிரிக்கட்டும். பிறந்தது இந்த மண்ணில்தான். என்னைக் கட்டியவர் பிரெஞ்சுக் குடியுரிமை உள்ள புதுச்சேரிக்காரர். அவரோடு போய் நானும் அந்தப் பாஸ்போர்ட்டை வாங்கியதோடு இங்கத்து ஓட்டு போயிற்று. ரோஸ்லினை அதற்கு முன்பே இந்த ஊரில் கட்டிக்கொடுத்திருந்தோம். நாங்கள் போனது பிரான்சுக்கு அல்ல, நியூ கலிடோனியாவுக்கு. ஆஸ்திரேலியாவுக்கும் அப்பால் பசிபிக் கடலில் கிடக்கிற தீவு, பிரான்சின் கையில் இருக்கிறது. ஆதியிலிருந்து அங்கே வாழும் காநாக் சனம் தனி நாடு கேட்கிறது. பின்னால் வந்து குடியேறியவர்களில் பெரும்பாலோர் பிரான்சோடுதான் இருப்போம் என்கிறார்கள். என் வீட்டுக்காரர் தலைநகர் நூமியாவின் துறைமுகத்தில் வேலை பார்த்தார். அங்கேயே செத்தார். அங்கேயே புதைத்தோம்.

பக்கத்து வீட்டு எலேன் காநாக் பெண், என் வயதுக்காரி. இங்கே நம் பெண்கள் நைட்டி போடுகிற மாதிரி, பூப்போட்ட தொளதொளத்த கவுன் போட்டிருப்பாள். ஞாயிற்றுக்கிழமை கேட்டைத் தட்டுவாள். பூசை முடிந்து இருவரும் கல்லறைக்குப் போவோம். என் வீட்டுக்காரர் மேல் முளைத்த புல்லை அவள் பிடுங்குவாள். அவள் அம்மா மேல் முளைத்ததை நான் பிடுங்குவேன். ஏன் மாற்றிச் செய்தீர்கள் என்று கேட்காதீர்கள், அப்படியே பழகிவிட்டது.

பின்னால் வந்தவர்களுக்கும் உள்ளூர்த் தேர்தலில் ஓட்டு என்று பாரிசில் முடிவெடுக்கப் போனார்கள். சொந்த மண்ணிலேயே நாங்கள் சிறுத்துப்போவோம் என்று காநாக் பிள்ளைகள் தெருவில் இறங்கினார்கள். ஊர் எரிந்தது. என் மகனுடைய கடையும் எரிந்தது. அந்தக் கரி வாடை போவதற்குள், பாரிசு நாடாளுமன்றத்துக்கு ஆள் அனுப்பத் தேர்தல் வைத்தார்கள். அதில் எனக்கும் ஓட்டு உண்டு.

அங்கே சின்னம் கிடையாது, மெஷின் கிடையாது, மை கிடையாது. மேசைமேல் இரண்டு அடுக்குக் காகிதம், அடுக்குக்கு ஒரு ஆளின் பெயர். நான் எழுத்துக் கூட்டிப் படிக்கிறவள். பிரான்சு பக்கத்து ஆளின் பெயரில் முதல் எழுத்தை மகன் காட்டிக் கொடுத்திருந்தான். பார்த்து ஒன்றை எடுத்தேன். மேசையில் இருந்த வெள்ளைக்காரப் பையன், "மதாம், இன்னொன்றும் எடுங்கள்" என்றான்.

இரண்டையும் எடுத்துக்கொண்டு திரைக்குப் பின்னால் போய், வேண்டியதை உறையில் போட்டு, மற்றதைக் கசக்கி எறிவது அங்கத்து வழக்கம். யாருக்குப் போட்டாய் என்று ஒருத்தருக்கும் தெரியாது. அங்கே நான் ஓட்டுப் போடப் போனது அதுதான் முதல் தடவை, எனக்கு இதை யாரும் சொல்லவில்லை. வேண்டாத ஆளை என் தலையில் கட்டப் பார்க்கிறான் என்று நினைத்தேன். பூத் வாசலில் கையைப் பிடித்து இழுத்த கட்சிக்காரனையே ஒரு காலத்தில் உதறிவிட்டுப் போனவள் நான். "நோ மெஸ்யே, எனக்கு இதுதான்" என்று காகிதத்தைத் தூக்கிக் காட்டினேன். திரும்பினால் எலேன். அவள் கையில் இரண்டு காகிதம்.

அடுத்த ஞாயிறு கேட்டை யாரும் தட்டவில்லை. செருப்பைப் போட்டுக்கொண்டு காத்திருந்தேன். பிறகு நானே போனேன்.

"உன் ஓட்டு உன் இஷ்டம். என் முகத்துக்கு நேரே தூக்கிக் காட்டினாயே" என்றாள் எலேன்.

எனக்கு வழக்கம் தெரியாது என்று தெரிந்த அளவு பிரெஞ்சில் சொன்னேன்.

"இத்தனை வருஷமாகவா தெரியாது?"

தேர்தலில் இரண்டு இடம். ஒன்று தனி நாடு கேட்டவர்களுக்கு, ஒன்று பிரான்சு பக்கத்துக்கு. எதுவும் தீரவில்லை. மகன் பிரான்சுக்குப் போக முடிவெடுத்து, என்னை இங்கே ரோஸ்லினிடம் அனுப்பினான். கிளம்பும்போது எலேனிடம், அவர் கல்லறையைப் பார்த்துக்கொள்வாயா என்று கேட்டேன். "அவர் படுத்திருப்பது எங்கள் மண்" என்றாள். கதவைச் சாத்தினாள். பார்ப்பேன் என்று சொன்னாளா, மாட்டேன் என்று சொன்னாளா, இன்றுவரை எனக்குத் தெரியாது. போன் செய்தால் எடுப்பதில்லை.

செல்வி போனதும் ரோஸ்லின் கரண்டியை வைத்தாள். "கேட்டியாம்மா? அது பேர இங்க மாத்திக்கினு ஓட்டு போடப் போவுதாம். வேலையும் இவங்களுக்கே, ஓட்டும் இவங்களுக்கே. நம்ம ஊர்ல நம்ம இன்னாத்துக்கு?"

எலேனின் தம்பிகள் இதையேதான் சொன்னார்கள், இதே குரலில். அப்போது எனக்குக் கோபம் வந்தது. இப்போது சொல்வது என் மகள்.

"அவ வாடகைலதான நீ மாடி கட்டுன கடன அடைக்கிற?" என்றேன்.

"அதுக்கு? ஊரையே எழுதிக் குடுத்துட முடியுமா?"

மத்தியானம் செல்வி திரும்பினாள். வாசலில் ரோஸ்லினைக் கண்டதும் மை வைத்த விரலை மடித்துத் துப்பட்டாவுக்குள் வைத்துக்கொண்டு படியேறினாள். எதை யார் முன்னால் காட்டக் கூடாது என்று அவளுக்குத் தெரிந்திருக்கிறது.

ரோஸ்லின் எனக்குச் சோறு போட்டாள். நூமியாவில் இந்நேரம் இருட்டியிருக்கும். அவர் மேல் புல் எவ்வளவு உயரம் நிற்கிறதோ. வலது கையால் பிசைந்து சாப்பிட்டேன். மை இல்லாத இடது கை மடியில் சும்மா கிடந்தது.