கொந்தராக் டீச்சர் பிரமிளா

செமோர் பக்கத்துத் தமிழ்ப்பள்ளி ஒன்றின் சிறப்புக் கல்வி வகுப்புக்குப் பிரமிளா வந்து இரண்டு ஆண்டுகள் ஆகின்றன. வாழ்ந்த ரப்பர் தோட்டம் வீடமைப்புப் பகுதியாக மாறியதும் குனோங் ராபாட்டுக்குக் குடிவந்த குடும்பம் அவளுடையது. பால் மரம் வெட்டியவர்கள் வீட்டில் பல்கலைக்கழகம் போனவள் அவள் ஒருத்திதான். மழையானாலும் மோட்டார் சைக்கிளில் வந்து முதல் ஆளாகப் பள்ளி வாசலில் நிற்பாள். ஆனாலும் ‘கொந்தராக்’ டீச்சர், அதாவது ஒப்பந்த ஆசிரியை. அடுத்த ஆண்டு வேலை இருக்குமா என்று அவளுக்கே தெரியாது.

அவள் வாசலில் நிற்பது வலேரிக்காக. ஒன்பது வயதுப் பிள்ளை, பேச்சு இல்லை. பிரமிளா நீட்டும் இரண்டு விரல்களைப் பிடித்தால்தான் உள்ளே வருவாள். முன்பிருந்த ஆசிரியையும் ஒப்பந்தம்தான். அவர் திடீரென்று நின்றுபோனதும் வலேரி பல மாதங்கள் பள்ளிப் பக்கமே வரவில்லை.

மறுபடி அப்படி ஆகக் கூடாதென்று, பள்ளி ஆண்டின் கடைசித் தவணையில் தனக்குப் பதிலாக வகுப்பு உதவியாளர் டோரிஸை விரல் நீட்டச் சொன்னாள் பிரமிளா.

“கொந்தராக் பத்தி இன்னும் ஒரு சேதியும் வரல லா. அதுக்குள்ள ஏன் டீச்சர் பிள்ளைய பிரிக்கிறீங்க?” என்றாள் டோரிஸ்.

“சேதி வந்த பிறகு பழக்க நேரம் இருக்காதுக்கா.”

“பிள்ளைகிட்ட கடி வாங்குறது நானு. உங்களுக்கென்ன.”

பிரமிளா கேன்டீன் தூணுக்குப் பின்னால் நின்று பார்ப்பாள். வலேரி தரையில் உட்கார்ந்து அழுவாள். ஓடிப்போய்த் தூக்கிக்கொள்ள மனம் துடிக்கும். போகமாட்டாள். தவணை முடியும் வாரத்தில் வலேரி டோரிஸின் விரல்களைப் பிடித்துக்கொண்டு, திரும்பிப் பார்க்காமல் உள்ளே போனாள். பிரமிளா நினைத்தது நடந்துவிட்டது. அன்று முகத்தைக் கழுவிக்கொண்டுதான் வகுப்புக்குள் வந்தாள்.

விடுமுறையில் தலைமையாசிரியர் போன் செய்தார். ஒப்பந்தத்தை இன்னும் ஓராண்டுக்குப் புதுப்பித்துவிட்டார்கள். வீட்டில் பாயசம் வைத்தார்கள்.

பள்ளி திறந்த அன்று வேனிலிருந்து இறங்கிய வலேரி, நேரே பிரமிளாவிடம் வந்து கையை நீட்டிக்கொண்டு நின்றாள்.

“பாத்தீங்களா, மறக்கல. பிடிச்சுக்குங்க டீச்சர். அதான் வேலை கிடைச்சிருச்சே,” என்றாள் டோரிஸ்.

“ஒரு வருசந்தானேக்கா.”

பிரமிளா தன் தலைக்கவசத்தை இரு கைகளாலும் இறுகப் பிடித்துக்கொண்டாள்.

“டோரிஸ் அக்காகூட போம்மா.”

வலேரி நகரவில்லை. மணி அடித்தது. டோரிஸ்தான் குனிந்து, நீட்டியபடியே இருந்த அந்தக் கையைப் பற்றி உள்ளே அழைத்துப் போனாள்.