சென்னியப்பண்ணன் கேட்ட இருமல்

கண்டெய்னரில் லோடு ஏற்றிக்கொண்டிருந்தபோது போன் வந்தது. "சென்னியப்பண்ணன் போயிட்டாருங்க" என்றார் கம்பெனி டிரைவர். காலையில் பல் துலக்கிக்கொண்டிருந்தவர் அப்படியே சாய்ந்துவிட்டாராம். எனக்குத் துக்கத்துக்கு முன்னால் பயம் வந்தது. அவருக்கு நான் ஒரு வாக்குக் கொடுத்திருந்தேன்.

எங்கள் பனியன் கம்பெனியில், தைத்த துணியைச் சரிபார்க்கும் செக்கிங் பகுதியில் அவரிடம் திட்டு வாங்காதவர் யாருமில்லை. பொடி ஓட்டை இருந்தாலும் பீஸ் திரும்பி வந்துவிடும். "பாத்ததை மட்டும் சொல்லோணும். பட்டாளத்துல எங்க வேலையே அதுதானுங்க" என்பார். எழுபத்தொன்றாம் வருடப் போரில் எதிரி எல்லைக்குள் புகுந்து வேவு பார்த்த ஐந்து பேரில் அவர் ஒருவர். நான்கு பேர்தான் திரும்பினார்கள். வராதவர் அவருடைய சிநேகிதர், குன்னத்தூர் மாரப்பன்.

போன வருடம் குழந்தைகள் டி-சர்ட்டுக்கு ஓர் ஆர்டர் வந்தது. பச்சையும் பழுப்புமாக, ராணுவ உடுப்பைப் போலவே பிரிண்ட். முதல் பீஸை விரித்துப் பார்த்த அண்ணன் மடித்து வைத்துவிட்டு வெளியே போய்விட்டார். கப்பல் தேதி நெருங்கிய எரிச்சலில் பின்னாலேயே போய், "மிலிட்டரிக்காரருக்கே மிலிட்டரி துணி ஆகாதுங்களாண்ணா?" என்று கேலி செய்தேன். அதை நினைத்தால் இன்றும் கூசுகிறது.

"இந்தத் துணியிலதான் தம்பி மாரப்பன் முள்ளுக்காட்டுல கெடந்தான். கால்ல குண்டு. தேடிப் போனேன். எதிரி பக்கத்துலயே இருக்கறப்ப எப்படிப் பேர் சொல்லிக் கூப்பிடறது? துணி அவனை மறைச்சுப்போடுச்சு. விடியறதுக்குள்ள தகவலோட திரும்போணும்னு உத்தரவு. நடக்க ஆரம்பிச்சப்ப ஒரு இருமல் கேட்டுச்சு. அவனேதானுங்க. நான் நிக்கலை."

மாரப்பனின் அக்காவிடமோ, தன் மடியில்தான் உயிர் போனது என்று சொல்லியிருந்தார். "என் வாயால இனி ஆகாது. நான் போனப்பறம் நீங்க அவங்ககிட்ட நெசத்தைச் சொல்லிப்போடுங்க" என்றார். சரி என்றேன். மறுநாள் அத்தனை பீஸையும் அவரே செக் செய்து முடித்தார். என்னால் அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை.

ஊத்துக்குளியில் அவர் வீட்டுக்கு அந்த அக்காவும் வந்திருந்தார். எழுபது வயதுக்கு மேலிருக்கும். அண்ணனின் கையைத் தடவிக்கொண்டே என்னிடம் சொன்னார்: "எந்தம்பிக்குக் கடைசியாத் தண்ணி ஊத்துன கை சாமி இது. உங்ககிட்டச் சொல்லியிருக்காரா?"

"சொன்னாருங்கம்மா. மடியில வெச்சுத் தண்ணி குடுத்தேன்னுதான் சொன்னாருங்க."

தண்ணீரை அக்காவே மனதில் சேர்த்துக்கொண்டாரா, அண்ணனே முன்பு அவரிடம் சொல்லியிருந்தாரா, எனக்குத் தெரியாது. முப்பத்தைந்து வருடம் அண்ணன் சுமந்த பொய்தான் அவரிடமிருந்து எனக்கு மிஞ்சியது. அக்காவுக்கு எழுதப் படிக்கத் தெரியாது. அந்தத் தைரியத்தில்தான் இதை எழுதுகிறேன்.