தழும்பில்லாத படம்

என் தாடையில் ஒரு தழும்பு உண்டு. ஏழு வயதில் சுடுதண்ணிக் கேத்தல் கவிழ்ந்து வெந்த இடம். பதினாறு வருடங்களுக்கு முன் நாவுலயிலிருந்து என்னைப் பெண் பார்க்க வந்த மாப்பிள்ளையின் அம்மா, எல்லோர் முன்னாலும் ஈரக் கைலேஞ்சியால் என் பவுடரைத் துடைத்துப் பார்த்தார். "எங்களுக்குக் குறையில்லாத புள்ளதாங்க வேணும்" என்று சொல்லி, ஊற்றிவைத்த தேத்தண்ணியைத் தொடாமலே எழுந்து போனார். அவர் நாசமாய்ப் போக வேண்டும் என்று நான் வேண்டாத கோயில் இல்லை.

இப்போது மாத்தளை டவுனில் ஒரு ஸ்டூடியோவில் படங்களைக் கம்ப்யூட்டரில் திருத்துகிறேன். கலியாணம் பேசப் படம் அனுப்புகிறவர்கள்தான் அதிகம் வருவார்கள். பருவை எடு, கறுப்பைக் குறை. அவர்கள் கேட்பது அழகை அல்ல, யாரும் வாய் திறக்க இடமில்லாத ஒரு முகத்தை.

போன மாசியில் அதே அம்மா மகளோடு வந்தார். அன்று எங்கள் வீட்டு முறுக்கைத் தின்றுகொண்டிருந்த சின்னப் பெண்தான் அவள். இப்போது அவள் உதட்டுக்குக் கீழே ஒரு வெள்ளைத் திட்டு. தாய்க்கு என்னை அடையாளமே தெரியவில்லை. அதுதான் எனக்கு இன்னும் எரிந்தது.

"இந்த வெள்ளை தெரியாம செஞ்சு குடுங்க மகள். நல்ல எடம், கொழும்புல இருந்து வர்றாங்க."

ஆசைதீரச் செய்தேன். படத்தை நம்பி வருகிறவர்கள் நேரில் பார்த்ததும் எழுந்து போவார்கள். தன் வினை தன்னைச் சுடும், சுடட்டும். நினைக்க நினைக்க நெஞ்சு குளிர்ந்தது.

படத்தை வாங்க மகள் மட்டும் வந்தாள். உறையைப் பிரித்துப் பார்த்துவிட்டுத் திருப்பித் தந்தாள்.

"வெள்ளையோட இருக்கிறதயே ஒன்னு அடிச்சுத் தாங்க அக்கா. அதப் பார்த்துட்டு வர்றவங்க வந்தா போதும். நேர்ல வந்து பார்த்துட்டு எந்திரிச்சுப் போனா எப்படி இருக்கும்னு, அன்னைக்கு உங்க மூஞ்சியிலயே பார்த்தேன்."

இத்தனை வருடம் கறுவி வைத்திருந்த பழி கைநழுவிப் போனது. அவள் மேல் எனக்குக் கோபம்தான் வந்தது. ஆனாலும் அச்சடித்துக் கொடுத்தேன்.

போகும்போது அவள், மேசைக் கண்ணாடிக்கடியில் நான் வைத்திருந்த என் கலியாணப் படத்தைக் குனிந்து பார்த்தாள்.

"இதுல உங்க தழும்பு எங்கக்கா?"

"அழிச்சிட்டேன்" என்றேன்.

அழிக்கச் சொல்லி என் புருஷன் ஒரு நாளும் கேட்டதில்லை.