தோற்கத் தெரியாத ஆர்விஸ் டன்லாப்

என் அக்கா நெடாவின் வீட்டுக்காரர் ஆர்விஸ் டன்லாப் ஜெயித்தாரா தோற்றாரா என்று அவர் முகத்தைப் பார்த்துச் சொல்ல லாஸ் வேகஸில் ஒருவராலும் முடிந்ததில்லை. போக்கர் மேசையில் அவரோடு உட்கார்ந்தவர்கள் அந்த முகத்தைச் சுவர் என்றார்கள், கல் என்றார்கள். ஒருவர் அது தன் முதல் மாமியாரின் முகம் என்றார். அக்காவுக்கு முகமே தேவைப்படவில்லை. தோற்றுவிட்டு வந்தால் மனிதர் வீட்டில் எதையாவது பழுதுபார்க்க ஆரம்பித்துவிடுவார். கொஞ்சம் போயிருந்தால் கதவுக் கீலுக்கு எண்ணெய். நிறையப் போயிருந்தால் குழாய்க்கு வாஷர். ஒரு முறை ஏணி போட்டு ஏறிக் கூரைக்கே தார் பூசினார். அக்கா கீழே ஏணியைப் பிடித்துக்கொண்டே கேட்டாள்.

"கார் இருக்கா, போயிடுச்சா?"

"கார் இருக்கு."

"சரி, அந்த மூலையையும் சேர்த்துப் பூசு. அங்கதான் ஒழுகுது."

நல்ல காலத்தில் அந்த வீட்டைப் பார்க்கச் சகிக்காது. குழாய் சொட்டும், ஜன்னல் சாத்தாது, புல் முழங்கால் வரை வளர்ந்து நிற்கும். அக்கா அதைப் பார்த்துப் பார்த்து நிம்மதியாகத் தூங்குவாள்.

ஆர்விஸ் எங்கள் மேற்கு டெக்ஸாஸ்காரர். அவர் அப்பா பஞ்சிலிருந்து கொட்டை பிரிக்கும் ஆலையில் வேலை பார்த்தவர். பையன் கொரியாச் சண்டைக்குப் போய்த் திரும்பியபோது கையில் கொண்டுவந்தது ஒரு பதக்கமும் போக்கரும். பதக்கம் எங்கேயோ தொலைந்துவிட்டது. கொஞ்ச நாள் டிராக்டர் உதிரிபாகம் விற்றார். பகலில் பாகம் வாங்கிய விவசாயிகள் சாயங்காலம் அவரோடு சீட்டாடி மிச்சப் பணத்தையும் கொடுத்துவிட்டுப் போனார்கள். இரண்டில் எது தொழில் என்று புரிய அவருக்கு அதிக காலம் ஆகவில்லை.

கல்யாணமான புதிதில் காரே வீடு. எண்ணெய்க் கிணற்று முதலாளிகளும் மாட்டுப் பண்ணைக்காரர்களும் எந்த ஊர் ஓட்டல் பின்னறையில் கூடுகிறார்களோ அங்கே போவார்கள். சட்டப்படி அது குற்றம், அதனால் போலீஸ் வரும். போலீஸ் வராத நாளில் கொள்ளைக்காரர்கள் வருவார்கள். இரண்டு தடவை முகமூடிக்காரர்கள் ஆட்டக்காரர்களின் பேன்ட்டையும் சேர்த்துக் கழற்றிக்கொண்டு போனார்கள், யாரும் துரத்தி வரக்கூடாதே என்று. இரண்டாம் தடவை அக்கா பணத்துக்காக அழவில்லை. பேன்ட் புதுசு.

பிறகுதான் லாஸ் வேகஸ். அங்கே அது சட்டப்படி நடக்கும் வேலை. அந்த ஊரின் மிகப் பெரிய ஆட்டத்தில் அவருக்கென்று ஒரு நாற்காலி. வேலையோ, வெளியிலிருந்து பார்த்தால் வேலையாகவே தெரியாது. முக்கால்வாசி நேரம் வந்த சீட்டை வீசிவிட்டுச் சும்மா உட்கார்ந்திருக்க வேண்டும். மிச்ச கால்வாசியில், கையில் ஒன்றும் இல்லாமலே எல்லாம் இருப்பதுபோல் பணத்தைத் தள்ள வேண்டும், எல்லாம் இருக்கும்போது ஒன்றுமில்லாதவன்போல் மூக்கைச் சொறிய வேண்டும். விடிந்து வீட்டுக்கு வந்து படுத்து, சாயங்காலம் நாலு மணிக்கு எழுந்து பிஸ்கட் என்று எங்கள் ஊரில் சொல்லும் மெத்து ரொட்டியை இறைச்சிக் குழம்பில் தோய்த்துச் சாப்பிடுவார். எப்போதும் கறுப்புச் சட்டை, வாயைத் திறந்து பேச்சு கிடையாது. பக்கத்து வீட்டார் ரொம்ப நாள் அவரைப் பிணவறை ஊழியர் என்றே நினைத்து, கிறிஸ்துமஸுக்குக் கொஞ்சம் பெரிய கேக்காகக் கொடுத்து வந்தார்கள்.

இப்படிப்பட்டவருக்கு ஒரே மகள், ரோண்டா. என் வீட்டில் தங்கி ஆபிலீனில் கல்லூரியில் படித்தவள், கீத் ஸ்ட்ரிப்ளிங் என்ற பையனை விரும்பினாள். நல்ல பையன். அவன் அப்பா ஹோமர் ஸ்ட்ரிப்ளிங் பருத்தி விவசாயி, ஊர் பாப்டிஸ்ட் சபையில் மூப்பர். அவருடைய தம்பி ஒருவன் சீட்டாட்டத்தில் பாகப் பிரிவினை நிலம் முழுவதையும் விட்டவன். அன்றிலிருந்து ஹோமர் வீட்டில் சீட்டுக்கட்டு நுழைந்ததில்லை. சீட்டாடுகிறவன் தன் மேசையில் உட்கார்ந்து சாப்பிட முடியாது என்று சபையிலேயே எழுந்து சொன்னவர். ரோண்டா பயந்துபோய், அப்பா இன்சூரன்ஸில் இருக்கிறார் என்று சொல்லிவிட்டாள். அவர்களும் உடனே சனிக்கிழமை சாப்பிட வரச் சொல்லிவிட்டார்கள்.

"ஒரே ஒரு நாள்ப்பா. அவங்க உங்களைப் பார்த்துட்டு சரின்னு சொல்லிட்டா போதும். அப்புறம் மெதுவா சொல்லிக்கலாம்."

"பொய் சொல்லச் சொல்றே."

"நீங்க தினமும் செய்யறதுதானே?"

"அது மேசையில. அங்க எல்லாருக்கும் தெரியும், எல்லாரும் பொய்தான் சொல்றாங்கன்னு."

"ரெண்டும் ரிஸ்க் எடுக்கற வேலைதானேப்பா."

"இன்சூரன்ஸ்காரன் எங்க கண்ணு ரிஸ்க் எடுக்கறான்? பாலிசி வாங்கறவன்தான் எடுக்கறான்."

ஆனாலும் ஒத்துக்கொண்டார். மகள் கேட்டால் அந்தக் கல்லில் காது மட்டும் கொஞ்சம் சிவக்கும்.

ஸ்ட்ரிப்ளிங் வீட்டுக்கு நானும் கூடப் போனேன். ஹோமரின் மனைவி ஒலீட்டா செய்யும் பொரித்த இறைச்சியைப் பற்றி ஆபிலீன் வரை பேச்சு இருந்தது. சாப்பாட்டு மேசையில் அவர்கள் சபைப் போதகர் வாடெலும் இருந்தார். ஜெபம் முடிந்து சோள ரொட்டி ஒரு சுற்றுப் போனதும் ஹோமர் ஆரம்பித்தார்.

"மிஸ்டர் டன்லாப், பருத்திக்கு ஆலங்கட்டி இன்சூரன்ஸ் எடுக்கச் சொல்லி ஒருத்தன் நச்சரிக்கிறான். நீங்க என்ன சொல்றீங்க?"

அக்கா மேசைக்கடியில் என் கையைப் பிடித்தாள். ஆர்விஸ் ரொட்டியைக் கீழே வைத்தார். எத்தனை வருஷத்துக்கு ஒரு தடவை ஆலங்கட்டி விழும், விழுந்தால் எவ்வளவு போகும், என்ன விலை கேட்கிறான் என்று கேட்டார். கண்ணை ஒரு நொடி கூரைப் பக்கம் திருப்பினார்.

"எடுக்காதீங்க. அந்த விலைக்கு எடுக்கறவன் முட்டாள்."

ஹோமர் போதகரைப் பார்த்தார். "இன்சூரன்ஸ் எடுக்காதேன்னு சொல்ற இன்சூரன்ஸ்காரரை இப்பத்தான் பாக்கறேன்."

"யோக்கியமான மனுஷர்" என்றார் போதகர்.

"இவரு எப்படிய்யா வயித்தைக் கழுவறாரு?" என்றார் ஹோமர்.

சாப்பிட்டதும் தட்டுகளை எடுத்துவிட்டு, ஹோமர் ஒரு மரப்பெட்டியைக் கொண்டுவந்து புள்ளி போட்ட டாமினோக் கட்டைகளைக் கொட்டினார். எங்கள் பக்கத்துப் பாப்டிஸ்ட் வீடுகள் எல்லாவற்றிலும் இது உண்டு. சீட்டு பாவம், கட்டை பாவமில்லை. அதனால் சீட்டில் உள்ள அத்தனையையும் கட்டைக்கு மாற்றிக்கொண்டார்கள். நாலு பேர், எதிரெதிரே உட்காருகிறவர்கள் ஜோடி. ஏலம் கேட்பது உண்டு, துருப்பு உண்டு, வெட்டுவது உண்டு, எதிராளியைக் கண்ணாலேயே மிரட்டுவதும் உண்டு. நாற்பத்திரண்டு என்று பெயர். பணம் மட்டும் கிடையாது.

"சீட்டு சாத்தானோட வேலை" என்று கட்டைகளைக் கலக்கினார் ஹோமர். "இது வெறும் எலும்புக் கட்டை. ஆடத் தெரியுமில்ல?"

"சின்ன வயசுல ஆடினது" என்றார் ஆர்விஸ்.

ஹோமரும் போதகரும் ஒரு ஜோடி. ஆர்விஸுக்கு ஒலீட்டா. உட்காருமுன் அக்கா அவர் காதில் சொன்னாள்: "தோத்துடு. மரியாதையா தோத்துடு."

ஆர்விஸ் தோற்றார். ஏலம் கேட்கக்கூடாத கையில் கேட்டார், கேட்க வேண்டிய கையில் வாயை மூடிக்கொண்டார். ஒலீட்டா ஜெயித்து வைத்த பிடியின் மேலேயே தன் துருப்பைப் போட்டு வீணாக்கினார். ஒலீட்டா முதலில் சிரித்தாள், பிறகு இருமினாள், பிறகு மேசைக்கடியில் அவர் காலை உதைத்தாள். உதை தவறி ஒரு முறை போதகர் மேல் விழுந்தது. ஹோமருக்கு ஒரே குஷி. "பரவால்ல, மிஸ்டர் டன்லாப்! எல்லாருக்கும் வராது இது!"

ஆட்டத்தை நிறுத்தி ஒலீட்டா பீச் பழப் பணியாரம் கொண்டுவந்தாள். எல்லோரும் கிண்ணத்தை எடுத்த பிறகு பார்த்தால் ஆர்விஸைக் காணோம். நானும் அக்காவும் தேடிப் போனோம். சமையலறைத் தொட்டிக்கடியில் மல்லாந்து படுத்திருந்தார். வெளியே தெரிந்தது இரண்டு கால்கள்தான். ஹோமரின் ஸ்பானரை எடுத்து, சொட்டிக்கொண்டிருந்த குழாயைக் கழற்றிக்கொண்டிருந்தார்.

அக்கா என்னை ஓரமாக இழுத்தாள். "ரொம்பத் தோத்துட்டிருக்காருடி."

"கட்டை ஆட்டத்துக்கா இப்படி?"

"கட்டையா? ரோண்டா விஷயத்துல. இந்த வேஷம் தாங்காதுன்னு அவருக்கே தெரிஞ்சுபோச்சு."

அப்போது ஒலீட்டா உள்ளே வந்தாள். எங்களைத் தள்ளிக்கொண்டு போய் அந்தக் கால்களின் முன் நின்றாள். இடுப்பில் கை.

"மிஸ்டர் டன்லாப், தப்பா ஆடறவங்களை நான் நிறையப் பாத்திருக்கேன். எங்க வீட்டுக்காரர் தங்கச்சி ஒருத்தி இருக்கா, கோழிக்கு அவளைவிட நல்லா ஆட வரும். ஆனா அவகூட அப்பப்பத் தெரியாத்தனமா ஒரு கட்டையைச் சரியாப் போட்டுடுவா. நீங்க ஒரு தடவைகூடத் தவறிச் சரியா ஆடலை. ஒவ்வொரு கையிலயும் இருக்கறதுலயே மோசமான கட்டையைத் தேடிப் பொறுக்கிப் போட்டீங்க. அதுக்கு நாலு பேர் கையிலயும் என்ன இருக்குன்னு தெரிஞ்சிருக்கணும்."

ஸ்பானர் சத்தம் நின்றது.

"நீங்க யாருங்கறதைப் பத்தி இப்ப எனக்குக் கவலையில்ல" என்றாள். "அந்த ரெண்டு பேரும் எனக்குக் கல்யாணமான நாள்லேர்ந்து சனிக்கிழமை தவறாம என்னைத் தோக்கடிச்சுட்டு, பரலோகத்துலேர்ந்து உத்தரவு வந்த மாதிரி முகத்தை வச்சுக்கறாங்க. எழுந்து வந்து ஒழுங்கா ஆடுங்க."

"ஜெயிச்சா கேள்வி வரும்மா" என்றது தொட்டிக்கடியிலிருந்து குரல்.

"அவர் கேள்வி வருமேன்னு பாக்கறீங்களா? தோத்தா நான் கேப்பேன். எது மேல்னு யோசிச்சுக்குங்க."

ஆர்விஸ் குழாயை முறுக்கி முடித்துவிட்டு எழுந்து கையைத் துடைத்துக்கொண்டார்.

அதற்குப் பிறகு நடந்ததை ஆட்டம் என்று சொல்ல முடியாது. நல்ல கை வந்தால் போதகர் கட்டைகளை ஒரே வரிசையாக நிமிர்த்தி வைப்பார். கையில் சரக்கில்லாமல் ஏலத்தை ஏற்றும்போது ஹோமர் மெல்லிய குரலில் கீர்த்தனை முணுமுணுப்பார். சபை மூப்பர் இத்தனை வருஷமாகத் துணிந்து புளுகிக்கொண்டிருக்கிறார் என்று அன்றுதான் எனக்குத் தெரிந்தது. கீர்த்தனை தொடங்கியபோதெல்லாம் ஆர்விஸ் ஒரு படி மேலே கேட்டார். ஒலீட்டா பிடிகளை வாரி வாரித் தன் பக்கம் அடுக்கினாள். கடைசிக் கட்டையை அவள் மேசையில் அறைந்த சத்தத்தில் வெளியே நாய் குரைத்தது.

ஹோமர் நாற்காலியைப் பின்னால் தள்ளினார். "என் ஆயுசு பூராவும் இன்சூரன்ஸ்காரங்களோட ஆடியிருக்கேன். ஒருத்தனும் இப்படி ஆடினதில்ல. மிஸ்டர் டன்லாப், நீங்க என்ன வேலை பாக்கறீங்க?"

ரோண்டா வாயைத் திறந்தாள். ஆர்விஸ் கையைக் காட்டி நிறுத்தினார்.

"சீட்டு ஆடறேன். பணம் வச்சு. பெரிய பணம். பொய்யை என் மக ஆரம்பிச்சா, ஆனா இந்த வயசுல நான் ஒத்துக்கிட்டிருக்கக் கூடாது."

கீத் எழுந்து வந்து ரோண்டாவின் பின்னால் நின்றுகொண்டான். ஹோமர் அவர்கள் பக்கம் திரும்பவே இல்லை.

"எவன் நிலத்தையாவது எடுத்திருக்கியா?"

"மேசை மேல பத்திரத்தை வைக்க நான் விடறதில்ல. ஒருத்தன் வச்சான். எடுத்து அவன் சட்டைப் பையிலயே சொருகி வீட்டுக்குப் போகச் சொன்னேன்."

"போனானா?"

"இல்ல. அடுத்த மேசைக்குப் போய் அங்க தோத்தான்."

போனான் என்று சொல்லியிருந்தால் யாருக்கும் தெரிந்திருக்காது. ஹோமர் ஜன்னல் வழியாகத் தன் பருத்தியைப் பார்த்துக்கொண்டிருந்தார். சமையலறைக் குழாய் சொட்டவில்லை, அதனால் அந்த அமைதி இன்னும் பெரிதாக இருந்தது. போதகர் ஏதோ வசனம் சொல்லத் தொண்டையைச் செருமினார்.

"சும்மா இரும்" என்றார் ஹோமர். பிறகு மேசையைப் பார்த்தபடியே கேட்டார்: "அந்த மெதடிஸ்ட் சபைக்காரங்க, அக்டோபர் கட்டைப் போட்டியில நம்மளை எத்தனை வருஷமாத் தோக்கடிக்கறாங்க?"

போதகர் பெருமூச்சு விட்டார். "கேக்காதீங்க."

"பரிசு ஒரு பன்றித் தொடை" என்றார் ஹோமர் ஆர்விஸிடம். "பணம் கிடையாது, பந்தயம் கிடையாது. ஆடறவங்க சபையைச் சேந்தவங்களா இருக்கணும், இல்லைன்னா அவங்க குடும்பமா இருக்கணும். இந்த மாவட்ட எல்லைக்குள்ள நீ சீட்டைத் தொடக்கூடாது."

"தொடமாட்டேன்."

"அப்ப கல்யாணத்தை செப்டம்பர்ல வைக்கணும். அறுவடைக்கும் முன்னாடி, போட்டிக்கும் முன்னாடி." கீத்தைப் பார்த்தார். "உனக்கு ஏதாவது சொல்ல இருக்காடா?"

"ஒண்ணும் இல்லப்பா" என்றான் கீத்.

"சரி. ஆர்விஸ், நீயும் நானும் ஜோடி."

"யாரு ஜோடி?" என்று ஒலீட்டா கட்டைப் பெட்டியைத் தன் மடிக்கு இழுத்துக்கொண்டாள். "அவர் என் ஜோடி. நீங்க பக்கத்துல நின்னு கீர்த்தனை பாடுங்க."

செப்டம்பரில் கல்யாணம் நடந்தது. சூதாடி வீட்டுச் சம்பந்தமா என்று சபையில் இரண்டு பேர் முகம் சுளித்தார்கள். அக்டோபருக்குப் பிறகு அவர்களும் சுளிக்கவில்லை. பன்றித் தொடையின் எலும்பை ஹோமர் எடுத்து வைத்திருப்பதாகக் கேள்வி.

போட்டி முடிந்து லாஸ் வேகஸுக்குத் திரும்பிய வாரம் அக்கா எனக்குப் போன் செய்தாள். பேச்சுக்கு நடுவே பின்னால் டொக் டொக் என்று ஏதோ சத்தம்.

"என்னக்கா அது?"

"குழாய்டி. வந்ததுலேர்ந்து சொட்டுது. இவர் அதுக்கு எதிர்லயே உக்காந்து காபி குடிக்கறார், கண்ணுலயே படலை."

"பிளம்பரைக் கூப்பிடேன்."

"கூப்பிடறதாவது!" என்றாள் அக்கா. "சொட்டட்டும்."