தலையில் அடிபட்டவரிடம் கேட்கும் ஐந்து கேள்விகள்

அன்வர் தரையில் கிடந்தார். மருந்துப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு ஓடினேன். பெட்டியை மூடவில்லை என்பது பாதி வழியில்தான் தெரிந்தது. பேண்டேஜ், ஸ்ப்ரே, கத்தரிக்கோல் எல்லாம் எனக்குப் பின்னால் ஒவ்வொன்றாக விழுந்துகொண்டே வந்தன. அவரிடம் போய்ச் சேர்ந்தபோது மிச்சமிருந்தது காலிப் பெட்டி மட்டும்தான்.

இருபது வருடமாக மயிலாப்பூரில் பிசியோதெரபி கிளினிக் வைத்திருக்கிறேன். மாமிகளின் முட்டிவலி, மாமாக்களின் கழுத்துவலி. அங்கே யாரும் திடீரென்று விழுவதில்லை; அப்பாயின்ட்மென்ட் வாங்கிக்கொண்டுதான் வலிக்கும். ஞாயிற்றுக்கிழமைகளில் மட்டும் வேளச்சேரியில் நடக்கும் ஒரு ஃபுட்பால் லீக்கில் டச்லைன் ஓரம் உட்காருவேன். தசைப்பிடிப்புக்கு ஐஸ், கணுக்காலுக்கு டேப். தலை அன்றைக்குத்தான் முதல்முறை. கார்னர் கிக்குக்கு எகிறிய இரண்டு மண்டைகள் மோதிக்கொண்டன. எதிரணிக்காரரை அவர்களே வெளியே கூட்டிப் போய்விட்டார்கள்; கிடந்தது அன்வர்.

தலையில் அடி என்றால் லீக்கில் விதி உண்டு. ரெஃப்ரி ஆட்டத்தை நிறுத்த வேண்டும், பிசியோ ஐந்து கேள்வி கேட்க வேண்டும். இது எந்த இடம், நடப்பது எந்தப் பாதி, கடைசி கோல் யார் போட்டது, போன வாரம் யாரோடு ஆடினீர்கள், ஜெயித்தீர்களா. தடுமாறினால் வெளியே. சீசன் தொடக்கத்திலேயே எல்லாக் கேப்டன்களுக்கும் இந்தத் தாளைக் கொடுத்திருந்தோம். என்னிடமும் ஒன்று இருந்தது. வழியில் விழுந்தவற்றில் அதுவும் சேர்த்தி.

அன்வர் எழுந்து உட்கார்ந்துவிட்டார். தி.நகரில் ஒரு டியூஷன் சென்டரில் நோட்ஸ் ஜெராக்ஸ் எடுப்பவர், அந்த சென்டர் அணியில் கோலுக்கு முன்னால் நின்று தடுக்கும் ஸ்டாப்பர். கேப்டன், அங்கே கெமிஸ்ட்ரி எடுக்கும் கோபால் சார். ஒரு கோல் முன்னிலை, பத்து நிமிடம் பாக்கி. மாற்று ஆட்டக்காரர்கள் எல்லோரையும் இறக்கியாகிவிட்டது.

"சீக்கிரம் கேளுங்க டாக்டர். அவன் சொல்லிருவான்," என்றார் கோபால் சார்.

எனக்கு முதல் கேள்வி மறந்துபோயிருந்தது. வாயில் வந்ததைக் கேட்டேன்.

"கடைசி கோல் யாருப்பா போட்டது?"

"வேளச்சேரி கிரவுண்டு சார்," என்றார் அன்வர், தெளிவாக.

"போன வாரம் யாரோட ஆடினீங்க?"

"செகண்ட் ஹாஃப் சார்."

"ஜெயிச்சீங்களா?"

"ரமேஷு. பெனால்டில." என்னைப் பார்த்துச் சிரித்தார். "இன்னா சார் முயிக்கிற? கரீட்டாதான சொல்லிக்கினு கீறேன்?"

கோபால் சார் முகம் வெளுத்துவிட்டது. "நீங்க ஆர்டர மாத்திட்டீங்க சார். ஹாஃப் டைம்லகூட டெஸ்ட் வெச்சேன். அஞ்சுக்கு அஞ்சு வாங்கினான்."

"டெஸ்டா?"

"இம்பார்ட்டன்ட் கொஸ்டின்ஸ் சார். டீமுக்கே ஜெராக்ஸ் போட்டுக் குடுத்திருக்கேன்."

ஜெராக்ஸ் போட்டவர் அன்வரேதான்.

வெளியே என்றேன். "பத்துப் பேரோட ஆடணுமா சார்?" என்று கோபால் சார் தலையில் கை வைத்தார். தலைக்காயம் என்றால் கூடுதலாக ஒரு மாற்று ஆள் உண்டு, அது அதே தாளின் பின்பக்கத்தில் இருக்கிறது என்றார் ரெஃப்ரி.

"பின்பக்கம் ஜெராக்ஸ் போடலையே," என்றார் கோபால் சார்.

ஆஸ்பத்திரிக்குப் போகும் ஆட்டோவில் அன்வர் இரண்டு முறை வாந்தி எடுத்தார். நல்லவேளை, ஸ்கேனில் ரத்தக்கசிவு இல்லை. "இதோட ஆடி இன்னொரு இடி வாங்கியிருந்தா கதையே வேற," என்றார் டியூட்டி டாக்டர். முதலில் ஓய்வு, பிறகு நடை, பிறகு ஓட்டம், ஹெட்டிங் இல்லாமல் பந்து என்று படிப்படியாகத்தான் அன்வரைத் திரும்ப இறக்கினோம்.

கேள்விகளைக் கலைத்துக் கேட்டு உண்மையைப் பிடித்தவர் என்று லீக்கில் எனக்குக் கைதட்டினார்கள். தன்னடக்கத்தோடு தலைகுனிந்தேன். அந்த நுணுக்கத்தைப் பற்றி மற்ற பிசியோக்களுக்கு வகுப்புகூட எடுத்தேன். வகுப்பில் சொல்லாததை இங்கே எழுதுகிறேன். தாள் கையில் இருந்து, பதறாமல் வரிசையாகக் கேட்டிருந்தால், அன்வர் அத்தனையும் சரியாகச் சொல்லியிருப்பார். நானே முதுகில் தட்டி உள்ளே அனுப்பியிருப்பேன்.

தப்பான பதில் ஆளை வெளியே எடுக்கத்தான். சரியான பதில் உள்ளே அனுப்புவதற்கான சீட்டு அல்ல. இது எனக்குத் தாமதமாகத்தான் உறைத்தது.

அடுத்த சீசனுக்கு முன்னால் கோபால் சார் போன் செய்தார். "கொஸ்டின் பேட்டர்ன் மாறுதா சார்?"

"பரீட்சையே கிடையாது சார். தலைல இடிச்சா எல்லாரும் ஃபெயில்," என்றேன்.