மாமா தொலைத்த ரயில் பாஸ்

வாத்தியார்களில் மூன்று ரகம் உண்டு என்பது எட்டு வயதிலேயே எனக்குத் தெரிந்துவிட்டது. ரயிலில் காசு கொடுக்காமல் போகிறவர்கள் ஒரு ரகம். முதல் தேதியானால் சம்பளம் வாங்குகிறவர்கள் இன்னொரு ரகம். மூன்றாவது ரகம் என் அத்தை.

முதல் ரகத்துக்கு எங்கள் குடும்பத்திலேயே ஆள் இருந்தார். அம்மாவின் தம்பி, என் மாமா, வடக்கே ஒரு ரயில்வே ஊரில், ரயில்வேக்காரர்களின் பிள்ளைகள் படிக்கும் பள்ளிக்கூடத்தில் வாத்தியார். மத்திய சர்க்கார் சம்பளம், குடியிருக்க குவார்ட்டர்ஸ், காய்ச்சல் வந்தால் ரயில்வே ஆஸ்பத்திரி, வயதான பிறகு பென்ஷன். இதெல்லாம் என் மனதில் ஏறவே இல்லை. அவரிடம் பாஸ் என்று ஒரு காகிதம் இருந்தது. அதைக் காட்டினால் ரயில் சும்மா ஏற்றிக்கொள்ளுமாம். அதைவிடப் பெரிய சம்பளம் உலகத்தில் இருக்க முடியாது என்று நான் நம்பினேன்.

இரண்டாவது ரகம், நான் படித்த முனிசிபல் பள்ளிக்கூடத்து டீச்சர். மாதம் பிறந்தால் அவர் தலையில் பூ சற்றுக் கூடுதலாக இருக்கும். அன்றைக்கு யாருக்கும் அடி விழாது.

அத்தை அப்பாவின் தங்கை. மாமா எழுதிய அதே பயிற்சிப் பரீட்சையை எழுதி, அவரைவிட நல்ல மார்க்கு வாங்கித் தேறியவள். ஆனால் அவளுக்கு வாய்த்தது சின்ன காஞ்சிபுரத்தில் நெசவுத் தெருக்களை ஒட்டி ஓர் அரிசி மில் முதலாளி நடத்திவந்த எய்டட் பள்ளிக்கூடம். சர்க்கார் மானியம் வந்தால் சம்பளம், வராவிட்டால் வரும்போது. வந்தாலும் கையெழுத்துப் போடுவது ஒரு தொகைக்கு, கைக்கு வருவது வேறு தொகை என்று வீட்டில் தாழ்ந்த குரலில் பேசிக்கொள்வார்கள். “ஒரே படிப்ப படிச்சிட்டு ஒருத்தர் பல்லக்குல போறாங்கோ, ஒருத்தர் பல்லக்கு தூக்குறாங்கோ” என்பாள் அம்மா. எனக்கென்னவோ மாமா பெரிதாக ஏதோ சொல்லிக் கொடுக்கிறார் என்றுதான் தோன்றியது. ரயில்வே பள்ளிக்கூடத்துப் பதினாறாம் வாய்ப்பாடு நம் ஊர் வாய்ப்பாட்டைவிட உசத்தியாக இருக்க வேண்டும். இல்லாவிட்டால் சும்மாவா பாஸ் கொடுப்பார்கள்?

அந்தத் தை மாதம் மாமா லீவில் வந்தபோது ஒரு சேதி கொண்டுவந்தார். அவருடைய பள்ளிக்கூடத்தில் தமிழ்ப் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்ல ஒரு டீச்சர் வேலை காலியாக இருக்கிறது, அத்தை வருவதாக இருந்தால் பேசி முடித்துவிடலாம், தான் திரும்புவதற்குள் பதில் வேண்டும் என்றார். எங்கள் வீட்டில் அம்மாவும் அப்பாவும் ஒரே கட்சியில் சேருவது சூரிய கிரகணம் மாதிரி, எப்போதாவதுதான் நடக்கும். இந்த விஷயத்தில் சேர்ந்தார்கள். வாடகை சைக்கிள் கடையைப் பாதியில் சாத்திவிட்டு வந்து அப்பா தங்கைக்கு எடுத்துச் சொன்னார். அம்மா தன் பங்குக்குத் தம்பிக்கு தினம் பாயசம் வைத்தாள்.

நான் முழுக்க முழுக்க ரயில்வே கட்சி. அத்தைக்குப் பாஸ் வந்தால் என்னைக் கூட்டிக்கொண்டு போகாமலா இருப்பாள்? வரதராஜப் பெருமாள் கோயிலுக்குப் போய்த் தங்கப் பல்லியைத் தொட்டு வேண்டிக்கொண்டேன். பல்லியிடம் போய் யாரும் வேலை கேட்பதில்லை என்பது எனக்குப் பின்னால்தான் தெரிந்தது.

ஒரு நாள் சாப்பாட்டு நேரத்தில் எனக்கு ஒரு சந்தேகம் வந்தது. “மாமா, அத்தைக்கு வேற பாஸ் எதுக்கு? உங்க பாஸுலயே அவங்களும் போலாமா?” என்று கேட்டேன். அம்மாவுக்குச் சிரிப்பில் புரையேறிவிட்டது. மாமா ரசத்தைக் குடிப்பதில் மும்முரமானார். அத்தை, தளும்பத் தளும்பத் தண்ணீர் இருந்த குடத்தைத் தூக்கிக்கொண்டு தண்ணீர் எடுக்கப் போய்விட்டாள். நியாயமான கேள்விக்கு இந்த வீட்டில் பதிலே கிடைக்காது என்று நினைத்துக்கொண்டேன்.

அத்தை மட்டும் சரி என்றும் சொல்லவில்லை, மாட்டேன் என்றும் சொல்லவில்லை. “ஸ்கூல்ல ஒரு வார்த்த கேட்டுக்கினு சொல்றேன்” என்பாள். விடிந்ததும் புறப்பட்டுப் போய்விடுவாள். ஊர் திரும்பும் நாள் நெருங்கவே, தலைமை ஆசிரியரிடம் தானே பேசிவிடுவது என்று மாமா முடிவு செய்தார். எனக்கு அன்று பள்ளிக்கூடம் இல்லை, முதல் நாள்தான் ஆண்டுவிழா முடிந்திருந்தது. டெரிலின் சட்டையும் பளபளக்கும் பூட்ஸுமாக மாமா நடக்க, ரயிலே நடந்து போவது போன்ற பெருமையோடு நான் கூடவே போனேன்.

பள்ளிக்கூடம் என்பது ஓடு வேய்ந்த ஒரு நீளமான கூடம். மணி அடித்தாகிவிட்டது. ஆனால் உள்ளே ஒன்றாம், இரண்டாம் வகுப்புக் குஞ்சு குளுவான்களைத் தவிர பிள்ளைகள் யாரும் இல்லை. தலைமை ஆசிரியரின் நாற்காலியில் வேறொருவர் உட்கார்ந்திருந்தார். தலைமை ஆசிரியர் பக்கத்தில் நின்று வேர்த்துக் கொட்டிக்கொண்டிருந்தார். சொல்லாமல் கொள்ளாமல் இன்ஸ்பெக்டர் வந்துவிட்டார் என்று மாமாவுக்கு உடனே புரிந்துவிட்டது. எனக்கு அவர் பின்னால் விளக்கினார். இன்ஸ்பெக்டர் எண்ணும் தலைகளைப் பொறுத்துத்தான் மானியம். தலை குறைந்தால் ஒரு வாத்தியார் வேலையை எடுத்துவிடுவார்கள். கடைசியாகச் சேர்ந்தவர் யாரோ அவருக்குத்தான் கல்தா. கடைசியாகச் சேர்ந்தவள் அத்தை.

தலைமை ஆசிரியர் என்னைப் பார்த்தார். முங்குகிறவனுக்கு விறகுக் கட்டை கிடைத்த மாதிரி அவர் முகம் மலர்ந்தது. “கண்ணு, இங்க வாமா, இப்டி குந்திக்கோ” என்று காதோடு சொல்லி மூன்றாம் வகுப்புப் பலகையில் என்னை உட்கார வைத்துவிட்டார். இன்ஸ்பெக்டர் வந்தார். எந்த வகுப்பு என்று கேட்டார். மூன்றாம் வகுப்பு என்றேன். பொய் இல்லையே. எந்தப் பள்ளிக்கூடத்தில் என்று அவர் கேட்காதது தலைமை ஆசிரியர் செய்த புண்ணியம்.

“உங்க டீச்சர் எங்கம்மா?”

“அத்தை பாவுல இருக்காங்க” என்றேன். காலையில் அவள் அப்படித்தான் சொல்லிவிட்டுப் போயிருந்தாள்.

பள்ளிக்கூட நேரத்தில் டீச்சர் தறி வேலைக்குப் போகிறாள் என்றுதான் எந்த இன்ஸ்பெக்டருக்கும் தோன்றும். அவர் முகம் மாறியது. வாருங்கள் பார்ப்போம் என்று நடக்க ஆரம்பித்தார். பின்னால் தலைமை ஆசிரியர், அவருக்குப் பின்னால் மாமா, கடைசியில் நான்.

தெருவில் நெசவாளிகள் பாவு நீட்டியிருந்தார்கள். தறியில் ஏற்றுவதற்கு முன்னால் பட்டு இழைகளைத் தெரு நீளத்துக்கு இழுத்துக் கட்டி, கஞ்சி தடவி, அறுந்த இழைகளைத் தேடித் தேடி முடிச்சுப் போடுவார்கள். அறுந்த இழை சின்னக் கண்ணுக்குத்தான் சட்டென்று படும் என்பதால் வீட்டுப் பிள்ளைகள் எல்லாரும் பாவோரம் நிற்க வேண்டும். மற்ற மாதங்களில் விடிகாலையிலேயே முடிந்துவிடும் வேலை இது. தை மாதத்தில் பனி விலகினால்தான் பாவை நீட்டலாம். ஆகவே தையில் மட்டும் பள்ளிக்கூட மணியும் பாவும் மோதிக்கொள்ளும். மோதினால் பாவுதான் ஜெயிக்கும். அது வயிற்றுப்பாடு அல்லவா.

பிள்ளைகள் பள்ளிக்கூடத்துக்கு வராவிட்டால் என்ன, பள்ளிக்கூடம் பாவுக்குப் போகட்டும் என்று அத்தை ஏற்பாடு செய்திருந்தாள். பாவின் இந்தப் பக்கம் மூன்றாம் வகுப்பு, அந்தப் பக்கம் நாலாம் வகுப்பு. நடுவில் பட்டு மினுமினுத்தது. பிள்ளைகளின் கண்ணும் விரலும் இழைமேல், வாய் வாய்ப்பாட்டில். இந்தப் பக்கம் ஒரு வரி சொல்ல, அந்தப் பக்கம் அடுத்த வரி. அத்தை புடவைத் தலைப்பை இடுப்பில் செருகிக்கொண்டு பாவோரமாகப் போவதும் வருவதுமாக இருந்தாள். எங்கள் டீச்சரின் குரல் பத்துப் பேரைத் தாண்டாது. அத்தையின் குரல் தெருவின் இரண்டு முனைக்கும் போயிற்று.

இன்ஸ்பெக்டரும் மாமாவும் கிட்டே போனார்கள்.

“யோவ், செருப்ப கழட்டுயா! பாவு இருக்குது, கண்ணு தெரில?” என்று கஞ்சிக் கையோடு ஒருவர் கத்தினார். பாவுக்குப் பக்கத்தில் யாரும் செருப்புக் காலோடு போகக் கூடாது. சர்க்கார் செருப்பும் ரயில்வே பூட்ஸும் ஒருசேரக் கழன்றன.

அத்தை திரும்பிப் பார்த்தாள். ஒரு நிமிஷம் முகம் வெளுத்துவிட்டது. பிறகு கும்பிட்டு, “பாவு முடிஞ்சதும் எல்லாரையும் இட்டுக்கினு வந்துடுறேன் சார்” என்றாள். கெஞ்சவில்லை. பாதிப் பாவில் பிள்ளைகளைக் கூப்பிட்டால் அந்த வீட்டுக்காரர் நாளையிலிருந்து பிள்ளையையே அனுப்ப மாட்டார் என்றும் சொன்னாள்.

இன்ஸ்பெக்டர் நல்ல மனிதர். பாவுக்கு இந்தப் பக்கமிருந்து நாலாம் வகுப்பைக் கேள்வி கேட்டார். பதில் பாவைத் தாண்டி வந்தது. ஆனால் தெருவில் நிற்கும் தலைகளைக் கணக்கில் எழுத அவருக்கு வழியில்லை. “கூரைக்குக் கீழே இருந்தால்தான் எண்ணலாம். நான் போய் டிபன் சாப்பிடுகிறேன். மெதுவாகத்தான் சாப்பிடுவேன்” என்று சொல்லிவிட்டுத் திரும்பினார்.

அவர் கை கழுவுவதற்குள் அத்தை கஞ்சி மணக்கும் ஊர்வலத்தோடு வந்து சேர்ந்தாள். பிள்ளைகள் வரிசையாக உட்கார்ந்தார்கள். தலைமை ஆசிரியர் வாய்க்குள்ளேயே எண்ணிப் பார்த்து, என்னையும் சேர்த்துச் சரியாக இருக்கிறது என்று மூச்சு விட்டார். அத்தை என்னைப் பார்த்தாள். நேரே வந்து கையைப் பிடித்து எழுப்பினாள்.

“இவ எங்க அண்ணன் பொண்ணு சார். முனிசிபல் ஸ்கூல்ல படிக்கிறா. கணக்குல வாணாம்.”

ஒரு தலை குறைந்தது. தலைமை ஆசிரியர் கண்ணை மூடிக்கொண்டார். எனக்கோ உள்ளுக்குள் கொண்டாட்டம். இங்கே வேலை போனால் ரயில்வேதானே! பல்லி கண்ணைத் திறந்துவிட்டது. சந்தோஷத்தைப் பங்குபோட மாமாவைத் தேடினால், வாசலில் அவர் மறுபடி கழற்றிப் போட்ட பூட்ஸ் மட்டும் கிடந்தது. ஆளைக் காணோம்.

நான் தெருவுக்கு ஓடினேன். வராத ஒரு தலை அங்கே இருந்தது. பாவுக்குச் சொந்தக்காரரின் மகள், மூன்றாம் வகுப்புக்காரி. கஞ்சி காய்ந்த பாவை அவள் அப்பா ஒரு முனையிலிருந்து சுருட்டிக்கொண்டு வர, மறு முனையைத் தொய்யாமல் இழுத்துப் பிடித்தபடி அவள் அடிமேல் அடி வைத்து வர வேண்டும். விட்டுவிட்டு வர வழியில்லை. மாமா அவள் எதிரில் நின்று, “குடும்மா, நான் புடிச்சிக்கிறேன். நீ ஓடு” என்றார். அவள் அப்பாவுக்கு நம்பிக்கை வரவில்லை. “தொய்ய வுட்டா சிக்கிக்கும்பா” என்றார். “தொய்ய வுட மாட்டேன்” என்றார் மாமா. இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டார். முனையில் இன்னும் காயாமலிருந்த கஞ்சி டெரிலின் சட்டையில் அப்பிக்கொண்டது. அந்தப் பெண் என்னைத் தாண்டிப் பறந்தாள்.

இன்ஸ்பெக்டர் எண்ணி எழுதினார். அத்தையின் வேலை பிழைத்தது.

மாமாவின்மேல் எனக்கு வந்த கோபத்தைச் சொல்லி முடியாது. கூட்டிப்போக வந்தவர் இவர். சும்மா நின்றிருந்தாலே போதும், காரியம் முடிந்திருக்கும். தன் வாயில் தானே மண்ணைப் போட்டுக்கொண்டு, வெறுங்காலோடு பட்டு இழையைப் பிடித்துக்கொண்டு, தெருவில் ஏதோ சாமி ஊர்வலம் போல மெல்ல மெல்ல நடந்து வருகிறார்! பள்ளிக்கூட வாசலில் நின்று அத்தை அதைப் பார்த்துக்கொண்டிருந்தாள். எதற்கும் அழாதவள், தலைப்பால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். கஞ்சி தெறித்திருக்கும் என்று நினைத்தேன்.

மாமா ஊருக்குத் திரும்பும்வரை ரயில்வே வேலையைப் பற்றி யாரும் பேச்செடுக்கவில்லை. பாயசம் மட்டும் நிற்கவில்லை.

அடுத்த வருஷம் பள்ளிக்கூடம் திறக்கும் சமயத்தில் மாமா வந்தார். டிரங்குப் பெட்டி வந்தது, படுக்கை வந்தது, வடக்கத்திக் கம்பளி வந்தது. பாஸ் வரவில்லை. ரயில்வேயை விட்டுவிட்டு எங்கள் ஊரை ஒட்டிய ஓரிக்கையில் பஞ்சாயத்து யூனியன் பள்ளிக்கூடத்தில் சேர்ந்திருந்தார். குவார்ட்டர்ஸ் இல்லை, ஆஸ்பத்திரி இல்லை, சம்பளமும் குறைச்சல். அங்கே உழைத்த வருஷங்கள் இங்கே கணக்கில் சேராது. நேற்று வந்த பையன்களோடு கடைசி ஆளாக முதலிலிருந்து தொடங்க வேண்டும். ஒரே நாட்டில் ஒரே வாய்ப்பாட்டைச் சொல்லிக் கொடுப்பதற்கு இத்தனை விலைகள் வைத்திருந்தார்கள். மாமா தெரிந்தேதான் மேல் விலையிலிருந்து கீழ் விலைக்கு இறங்கி வந்தார். நான் கண்ட மனிதர்களில் இதற்குச் சமமான காரியம் செய்தவர் இல்லை என்று இன்றைக்குச் சொல்வேன்.

அன்றைக்குச் சொல்லவில்லை. அத்தைக்கும் அவருக்கும் கல்யாணம் நடந்தபோது மணமேடைக்குப் பக்கத்தில் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். தாலி கட்டி முடித்ததும் மாப்பிள்ளையின் காதருகே போய்க் கேட்டேன்.

“இனிமே பாஸே கிடையாதா மாமா?”

“கிடையாதுமா. உங்க அப்பா கட சைக்கிள்தான்” என்று சொல்லிவிட்டு மாமா சிரித்தார். ரயிலைக் கொடுத்துவிட்டு வாடகை சைக்கிளை வாங்கிக்கொண்ட மனிதர், ஏதோ லாட்டரி விழுந்த மாதிரி சிரித்தார். அத்தையும் குனிந்த தலை நிமிராமல் சிரித்தாள். இரண்டு வாத்தியார்களுக்கும் கணக்கே வராது போலிருக்கிறது என்று அன்றைக்கு முடிவு செய்தேன்.