நாற்பத்திரண்டாவது அலாரம்

சனிக்கிழமை காலை ஒன்பது மணி நாற்பது நிமிடம். அந்த அழைப்பு என் போனில் இன்னும் இருக்கிறது. பேசிய நேரம் ஒரு நிமிடம் பன்னிரண்டு விநாடி. பக்ரீத் விடுமுறை முடிந்து ஆம்பூரில் தோல் தொழிற்சாலைகள் திறந்த முதல் நாள் அது. நான் பெண்கள் பள்ளி ஒன்றில் இயற்பியல் ஆசிரியை; பிளஸ் டூ பிள்ளைகளுக்குச் சிறப்பு வகுப்பு எடுத்துக்கொண்டிருந்தேன். வகுப்பில் போனை எடுக்கிற வழக்கமில்லை. மகளின் பெயரைப் பார்த்ததால் வராந்தாவுக்கு வந்து எடுத்தேன்.

"ம்மா, கேஸ் மீட்டர் மறுபடி கத்துது."

"எத்தனாவது?"

"நாப்பத்திரெண்டு." சிரித்தாள். "நோட்ல எழுதிட்டேன்."

"கை மீட்டர்ல பாத்தியா?"

"அது செத்துப் போய் கெடக்கு. லீவுல யாரும் சார்ஜ் போடல."

"வாடை?"

"கேட் கிட்ட வரும்போது செமையா அடிச்சுது. இப்ப தொட்டிக்கிட்ட நிக்கறேன், சுத்தமா இல்ல. பம்ப் ஓட்டற பாய்தான் வேணாம் வேணாம்ங்கறாரு. ஆபீஸ்ல பதினோரு மணிக்குள்ள சாம்பிள் வேணுமாம்."

"நாப்பத்தொண்ணும் பொய். இது மட்டும் நெஜமா இருக்க எவ்ளோ சான்ஸ்? நீயே சொல்லு."

"ரொம்ப கம்மி."

"அப்புறம் என்னா? எடுத்துக் குடுத்துட்டு வேலையப் பாரு."

மறுபடி உள்ளே போய், பாதியில் விட்ட கணக்கைக் கரும்பலகையில் முடித்தேன். கையெழுத்து நன்றாகவே இருந்தது. அது எனக்கு நினைவிருக்கிறது.

என் மகளுக்கு இருபத்து மூன்று வயது. பி.எஸ்சி. கணிதம் படித்தவள். தோல் தொழிற்சாலை ஒன்றின் கழிவுநீர் சுத்திகரிப்புப் பிரிவில், தொட்டித் தண்ணீரை பாட்டிலில் எடுத்து சோதனைக்கு அனுப்புவதும் பதிவேடு எழுதுவதும் அவள் வேலை. தோலிலிருந்து முடியை நீக்கிய சுண்ணாம்புத் தண்ணீர், கழுவிய தண்ணீர், எல்லாம் வந்து சேர்கிற பெரிய தொட்டி அது. பக்கச் சுவரில் ஒரு கேஸ் மீட்டர் மாட்டியிருந்தார்கள். விஷவாயு இருந்தால் கத்தும். ஈரம் பட்டாலும் கத்தும், கரண்ட் போய் வந்தாலும் கத்தும். வேலைக்குச் சேர்ந்த முதல் வாரம் அது கத்தியபோது, ரோடு வரைக்கும் ஓடி நின்றுகொண்டு எனக்குப் போன் செய்தாள். மேனேஜர் சிரித்தாராம்.

அந்த ராத்திரி நான் தூங்கவில்லை. வேலையை விட்டுவிடச் சொன்னேன். நான் அப்படித்தான். பஸ் பத்து நிமிடம் தாமதமானால், நெடுஞ்சாலையில் எங்கோ அது கவிழ்ந்து கிடப்பது என் கண்ணில் தெரியும். மழை பெய்தால் கரண்ட் கம்பி அறுந்து விழும். அவளுக்கு வருகிற ஒவ்வொரு தும்மலுக்கும் நான் மனதுக்குள் ஓர் ஆஸ்பத்திரி கட்டியிருக்கிறேன்.

என்னைச் சரி செய்யத்தான் அவள் அந்தப் புத்தகங்களைக் கொண்டுவந்தாள். வேலூரில் ஒரு பழைய புத்தகக் கடையில் தேடித் தேடி வாங்குவாள். இயற்பியலும் நிகழ்தகவும் கலந்த புத்தகங்கள். சுழலும் சக்கரத்தில் குண்டு எங்கே விழும் என்று வேகத்தை வைத்துக் கணித்தவர்கள், சீட்டுக்கட்டில் போன சீட்டுகளை எண்ணி மிச்சத்தை ஊகித்தவர்கள், அதிர்ஷ்டம் என்று மற்றவர்கள் சொன்னதைக் கணக்கால் ஜெயித்தவர்கள். அவள் பஸ்ஸில் படித்துப் பென்சிலால் கோடு போட்டுத் தருவாள், நான் ஞாயிற்றுக்கிழமைகளில் படிப்பேன். எல்லாப் புத்தகமும் கடைசியில் ஒன்றைத்தான் சொல்லும்: உன் பயத்தை நம்பாதே, எண்ணிப் பார்.

எண்ண ஆரம்பித்தோம். குடியாத்தம் பஸ் ஏழேகாலுக்குள் வருமா, கரண்ட் போகுமா, பக்கத்து வீட்டுக்காரம்மா இன்று சர்க்கரை கேட்டு வருவாரா, எல்லாவற்றுக்கும் நூற்றுக்கு இத்தனை என்று சொல்லிவிட்டு, தோற்றவர் பாத்திரம் கழுவ வேண்டும். ஷூ கம்பெனியில் கட்டிங் சூப்பர்வைசராக இருக்கும் என் கணவர் தலையில் அடித்துக்கொள்வார். "ஆயியும் பொண்ணுமா சேந்து வூட்டையே மட்கா சூதாட்டக் கடையாக்கிட்டீங்க. எனக்கு சோறு கெடைக்க இன்னிக்கு எவ்ளோ சான்ஸ், அதையும் சொல்லிடுங்க."

"முப்பதுப்பா," என்பாள் அவள். "நீயே போட்டுக்கிட்டா நூறு."

மீட்டருக்கும் ஒரு நோட்டு போட்டாள். தேதி, மணி, அலாரம் அடித்த பின் கையில் எடுத்துப் போய்ச் சரிபார்க்கும் கை மீட்டர் காட்டிய எண். எல்லா வரியிலும் கடைசியில் பூஜ்யம். பத்தாவது பூஜ்யத்துக்குப் பிறகு வேலையை விடு என்று சொல்வதை நிறுத்தினேன். முப்பதாவதுக்குப் பிறகு அவள் போன் செய்வதையே ஒரு வேடிக்கையாக எடுத்துக்கொண்டேன். நாற்பத்தைந்து வருடம் கோயில், மாத்திரை, மூச்சுப் பயிற்சி எதற்கும் அடங்காத என் பயம் அந்த நோட்டுக்கு அடங்கியது. என் வாழ்க்கையில் ஓர் ஆபத்து நிஜமாகவே வந்து நின்ற ஒரே நேரத்தில் நான் பயப்படாமல் இருந்தேன்.

பத்தேகாலுக்குத் தொழிற்சாலை அலுவலகத்திலிருந்து போன் வந்தது. வேலூருக்கு ஆம்புலன்ஸ் கிளம்பிவிட்டது, நேராக அங்கே வந்துவிடுங்கள் என்றார் ஒருவர். "மயக்கம்தான் மேடம், கேஸு லைட்டா ஏறிடுச்சு." லைட்டா என்ற அந்தச் சொல்லைப் பிடித்துக்கொண்டு ஐம்பது கிலோமீட்டர் போனேன்.

நடந்தது இவ்வளவுதான். கயிற்றில் கட்டி இறக்கிய பாட்டில் தொட்டிக்குள் ஏணிப்படியில் மாட்டிக்கொண்டது. எடுக்க அவள் நாலு படி இறங்கினாள். ஐந்தாவது படியில் காலை வைக்கவில்லை, விழுந்தாள். பம்ப் ஓட்டுகிற பாய், அவளை வேண்டாம் என்று தடுத்தவர், பின்னாலேயே இறங்கி இடுப்பு வரை சேற்றில் நின்று அவளை மேலே தள்ளினார். மேலே இருந்தவர்கள் அவளை இழுத்துப் போட்டுவிட்டுத் திரும்பியபோது அவரும் விழுந்திருந்தார். கொக்கி போட்டு அவரையும் எடுத்தார்கள்.

மற்றதை எனக்கு விளக்கியவர் தீவிர சிகிச்சைப் பிரிவின் டாக்டர். இளம் வயதுக்காரர். அந்த வாயு அழுகிய முட்டை போல நாறும், ஆனால் கொஞ்சம் அதிகமானால் முதலில் மூக்கைத்தான் மரத்துப் போகவைக்கும், பிறகு வாடையே தெரியாது என்றார். காற்றைவிடக் கனமானது, அதனால் பள்ளத்தில் தங்கும் என்றும் சொன்னார். அந்த இரண்டாவது விஷயம் எனக்குத் தெரியும். வருடா வருடம் வாயுக்களின் அடர்த்தியைப் பற்றிப் பாடம் நடத்துகிறேன். முதலாவது எனக்குத் தெரியாது. ஆம்பூரில் பிறந்து வளர்ந்தவர்களுக்கு வாடை இல்லாத காலை ஒரு நல்ல காலை. வெளியூர் சொந்தக்காரர்கள் மூக்கைப் பொத்தும்போது, இன்னிக்கு கம்மிதான் என்று சொல்லிப் பழகியவர்கள் நாங்கள். அவள் வாடை இல்லை என்றதும் எனக்கு நிம்மதியாகத்தான் இருந்தது.

நோட்டை ஆஸ்பத்திரி வராந்தாவில் வைத்துத் திரும்பத் திரும்பப் பார்த்தேன். அவள் கைப்பையோடு கொடுத்திருந்தார்கள். நாற்பத்தொரு வரியும் வேலை நாட்கள். தினமும் தண்ணீர் வந்து, கலக்கி, பம்ப் ஓடி, நகர்ந்துகொண்டே இருந்த தொட்டி. எங்கள் ஊரில் வெள்ளிக்கிழமைதான் வார விடுமுறை. அந்த ஒரு நாள் இடைவெளிக்குப் பிறகு வந்த சனிக்கிழமைகள்கூட அதில் இரண்டு மூன்றுதான் இருந்தன. பக்ரீத்துக்கும் சேர்த்து இந்த முறை ஐந்து நாள் கேட் மூடியிருந்தது. வெயில் காலம். அடியில் சேறு புளித்துக் கிடந்தது. அன்று காலைதான் பாய் பம்ப்பைப் போட்டு அதைக் கலக்கியிருக்கிறார். ஒரே சூழ்நிலையில் திரும்பத் திரும்பச் செய்த சோதனைக்குத்தான் நிகழ்தகவு பொருந்தும். அது அந்தப் பாடத்தின் முதல் பக்கத்திலேயே இருக்கிறது. கூட்டிக் கழிக்கத் தெரியாத ஒரு தாய் என்றால், "அஞ்சு நாளா மூடிக் கெடந்ததாச்சே, கிட்ட போகாத" என்று சொல்லியிருப்பாள்.

கணவரிடம் நான் அந்தப் போனைப் பற்றிச் சொல்லவில்லை. அவர் தொழிற்சாலைக்காரர்களிடம் கத்தினார், யார் என் பொண்ணை இறங்கச் சொன்னது என்று. நான் பக்கத்தில் நின்றேன். அவர் குரல் உடைந்தபோது தண்ணீர் பாட்டிலைத் திறந்து கொடுத்தேன்.

நான்காம் நாள் டாக்டரிடம் கேட்டேன். "நூத்துல எவ்ளோ டாக்டர்? இந்த மாதிரி இருக்கறவங்க நூறு பேர்ல எத்தனை பேர் பழையபடி எழுந்திரிக்கிறாங்க?"

அவர் கையிலிருந்த பேனாவை மூடினார். "நூறு பேரைப் பத்திச் சொல்லலாம்மா. உங்க பொண்ணு அதுல எங்க நிக்கறாங்கன்னு எனக்குத் தெரியாது."

"பரவால்ல, நம்பரைச் சொல்லுங்க."

"நம்பர் நல்லா இல்லம்மா," என்றார். அதோடு நான் கேட்பதை விட்டேன்.

ஒன்பதாம் நாள் தொண்டையில் துளை போட்டுக் குழாய் வைத்தார்கள். பதின்மூன்றாம் நாள் கண்ணைத் திறந்தாள். நான் ஓடிப் போய்க் கணவரைக் கூட்டி வந்தேன், அழுதோம், நர்ஸின் கையைப் பிடித்துக்கொண்டேன். கண்கள் திறந்திருந்தன. ஃபேன் சுற்றினாலும் அங்கேயே பார்த்தன, நான் முன்னால் வந்தாலும் அங்கேயே பார்த்தன. கையை அழுத்திச் சொல்லிப் பார்த்தேன். "குடியாத்தம் பஸ் ஏழேகாலுக்கு வருமா வராதா? சொல்லுடி. நானே பாத்திரம் கழுவுறேன்." பக்கத்துக் கட்டில்காரரின் மனைவி முகத்தைத் திருப்பிக்கொண்டார். மூளைக்கு ஆக்ஸிஜன் போகாத நேரம் அதிகம், கண் திறப்பது விழிப்பது ஆகாது என்று ஸ்கேனைக் காட்டி டாக்டர் மெதுவாகச் சொன்னார். வீட்டுக்குக் கொண்டுபோய்ப் பார்த்துக்கொள்வதற்கான பயிற்சியை நர்ஸ் ஆரம்பித்துவிட்டார்: குழாயில் கஞ்சி ஊற்றுவது, சளி உறிஞ்சுவது, இரண்டு மணி நேரத்துக்கு ஒரு தடவை திருப்பிப் படுக்கவைப்பது. நான் நன்றாகக் கற்றுக்கொள்கிறேன் என்று பாராட்டினார்.

அந்தப் புத்தகங்கள் வீட்டில் அலமாரியில் இருக்கின்றன. மாற்றுத் துணி எடுக்கப் போனபோது ஒன்றைப் பிரித்தேன். அவளுடைய பென்சில் கோடுகள். எல்லாப் பக்கத்திலும் ஜெயித்தவர்கள். அதே போல எண்ணிப் பார்த்துத் துணிந்து இறங்கித் திரும்பி வராதவர்கள் யாரும் புத்தகம் எழுதவில்லை என்பது இத்தனை நாள் எனக்குத் தோன்றாமல் போனது. மூடி வைத்துவிட்டு நைட்டி இரண்டை எடுத்துக்கொண்டு வந்தேன்.

இந்த இரண்டரை வாரமும் நான் ஒருவரை எதிர்பார்த்துப் பயந்துகொண்டிருந்தேன். பாய் இதே ஆஸ்பத்திரியில், ஆண்கள் வார்டில் பதினோரு நாள் இருந்தார். கணவர் போய்ப் பார்த்து, காலைத் தொட்டுக் கும்பிட்டு வந்தார். நான் போகவில்லை. பெண் பக்கத்தில் ஆள் வேண்டுமே என்று சாக்குச் சொன்னேன். அவர் வீட்டுக்குப் போய்விட்டார் என்று தெரிந்ததும் எனக்கு வந்தது நிம்மதி. அதை எழுதக் கூச்சமாக இருக்கிறது. அவள் போனில் பேசியபோது அவர் பக்கத்தில் நின்றிருந்தார்.

பத்தொன்பதாம் நாள் மதியம் அவரே வந்தார். மறுபரிசோதனைக்கு ஆம்பூரிலிருந்து பஸ் ஏறி வந்திருக்கிறார். எக்ஸ்ரே உறையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, சுவரைப் பிடித்துப் பிடித்து நடந்து, வராந்தா பெஞ்சில் உட்கார்ந்து வெகுநேரம் மூச்சு வாங்கினார். கணவர் மருந்து வாங்கக் கீழே போயிருந்தார். பாய்க்கு ஐம்பது வயதிருக்கும். பாதியாக இளைத்திருந்தார்.

"இன்னா டீச்சர், சாப்பிட்டீங்களா?" என்றார்.

"பாய், நான்தான் போகச் சொன்னேன்," என்றேன். பத்தொன்பது நாளில் முதல் தடவையாக அதை வாய்விட்டுச் சொன்னது அப்போதுதான்.

"தெரியும் டீச்சர். ஸ்பீக்கர்லதான போட்டுப் பேசுச்சு." இருமினார். அடங்கும்வரை கையைக் காட்டி என்னை இருக்கச் சொன்னார். "நானும் வேணாம்னு வாயாலதான் சொன்னேன். கையைப் புடிச்சு இழுத்துருக்கணும். வயசுப் பொண்ணு, எப்டித் தொட்டு இழுக்கறதுன்னு நின்னுட்டேன்."

கண்ணாடிக் கதவு வழியே அவளைப் பார்த்தார். திறந்திருந்த கண்களைப் பார்த்ததும் எழுந்துகொள்ளப் போனார், அப்புறம் என் முகத்தைப் பார்த்து உட்கார்ந்துவிட்டார்.

"ஒண்ணு சொல்லணும்னுதான் வந்தேன், போலீஸ்ல கேட்டப்ப நான் சொல்லல," என்றார். "நாலாவது படியில நின்னு பாப்பா என்னைத் திரும்பிப் பாத்துச்சு. கேஸ் நெஜம்தான்னு அதுக்குத் தெரிஞ்சு போச்சு டீச்சர். பேச வரல. ஏறி வரவும் முடியல. வராதீங்கன்னு எனக்குக் கையை ஆட்டுச்சு."